மாத்தி விடுவதற்கு முன் ஒரு சுற்று

1. முதல் நாள் சொன்னது

உப்பளத்தில் சூப்பர்வைசராகச் சேர்ந்த முதல் நாள், குத்தகைதாரர் ரஷீத் பாய் என்னை வரப்பில் நிறுத்தி ஒரே ஒரு விஷயம் சொன்னார்.

"யாரையும் வேலைய விட்டு நிறுத்தாதீங்க. சண்ட போட்டாலும் சரி, ஒடம்பு முடியலன்னாலும் சரி, மாத்தி விடுங்க. போன ஆளு திரும்பி வராது."

அதற்கு முன் திண்டிவனத்தில் ஒரு நாளிதழுக்குப் பகுதி நேர நிருபராக இருந்தேன். சம்பவம் எங்கே, எப்போது, யார் என்று எழுதிப் பழகியவன். உப்பு கடல் தண்ணீரிலிருந்து வருகிறது என்பதற்கு மேல் எனக்கு எதுவும் தெரியாது. பாத்தி ஆட்கள் என்னைப் 'பேப்பர் சார்' என்று கூப்பிட்டார்கள். ஓய்வு பெறும் வரை அதே பெயர்தான்.

இப்போது மரக்காணம் பக்கத்து உப்பளங்களுக்குப் புதிதாக வருகிற சூப்பர்வைசர்கள் கையில் போனோடு வருகிறார்கள். வேலை ஒதுக்குவதும் மாற்றுவதும் குரூப்பில் ஒரு மெசேஜ். நானும் அப்படித்தான் செய்தேன். அதில் ஒரு முறை ஆறு பாத்தி உப்பு கரைந்தது. அதை எழுதி வைக்கிறேன்.

2. 'மாத்தி விடு'

இந்தச் சொல்லைப் பாத்தியில் எப்படியெல்லாம் பயன்படுத்துகிறார்கள் என்று புரிய எனக்கு ஒரு சீசன் ஆனது.

காலில் புண் வந்தவர் தானே வந்து கேட்பார். "சார், ரெண்டு நாளைக்கு என்ன அம்பாரத்துக்கு மாத்தி வுடுங்க." அம்பாரம் என்பது வாரிய உப்பைக் குவித்து மூடி வைக்கும் இடம். அங்கே கால் தண்ணீரில் படாது. இது சலுகை.

சண்டை போட்ட இருவரில் ஒருவரை வேறு பிளாக்குக்கு மாத்தி விடுவது உண்டு. மாறிப் போகிறவர்தான் தப்பு செய்தவர் என்று மீதிப் பேர் முடிவு கட்டிவிடுவார்கள். ஆகவே பிறகு நான் இருவரையுமே மாற்றினேன்.

மூன்றாவது வகை, எங்கே என்று சொல்லாமல் மாற்றுவது. "அவன மாத்தி விடுங்க" என்று பாய் சொல்வார். எங்கே என்று கேட்டால், "எங்கயாவது" என்பார். அந்த ஆள் மறுநாள் வரமாட்டார். யாரும் அவரை நிறுத்தியிருக்க மாட்டார்கள்.

அதனால் மாற்றம் என்று காதில் விழுந்ததும் பாத்தியில் எல்லாரும் கேட்கும் முதல் கேள்வி, "எங்க?" இரண்டாவது கேள்வி, "எனக்கு பதிலு யாரு?"

இரண்டாவது கேள்விக்குக் காரணம் உண்டு. எங்கள் உப்பளத்தில் ஒரு வழக்கம் இருந்தது. போகிறவரும் வருகிறவரும் ஒரு சுற்று சேர்ந்து நிற்க வேண்டும். பாத்திக்குத் தண்ணீர் விட்டதிலிருந்து உப்பை வாரி எடுக்கும் வரை ஒரு சுற்று. எந்த வரப்பு கசியும், எந்தப் பாத்தியில் மேற்கு மூலை பள்ளம், இதையெல்லாம் அந்த நாட்களில் காட்டிவிடுவார்கள். இதற்குப் பெயர் 'கூட நிக்கிறது'. ஒரு வேலைக்கு இரண்டு பேர் நிற்பது எனக்கு வீணாகத் தெரிந்தது. பேப்பரில் ஒரு செய்திக்கு இரண்டு நிருபரை அனுப்ப மாட்டார்கள்.

3. பச்சையம்மா

மூன்றாம் பிளாக்கில் தண்ணீர் பார்ப்பவர் பச்சையம்மா. கீழ்புத்துப்பட்டிலிருந்து முதல் பஸ்ஸில் வருவார். உப்பங்கழியிலிருந்து ஏற்றிய தண்ணீர் பெரிய பாத்திகளில் வெயிலில் நின்று கெட்டியாகும். உரிய பதம் வந்ததும் அதைச் சின்ன உப்புப் பாத்திகளுக்குத் திறந்துவிட வேண்டும். எப்போது திறப்பது, எவ்வளவு விடுவது என்று முடிவு செய்வதுதான் தண்ணீர் பார்க்கிற வேலை. டிகிரி குழாய் என்று ஒரு கண்ணாடிக் குழாய் உண்டு. தண்ணீரில் மிதக்கவிட்டு, அதிலிருக்கும் கோட்டைப் படிக்க வேண்டும்.

அந்தச் சீசனில் பச்சையம்மா இரண்டு முறை தண்ணீரைத் தாமதமாகத் திறந்தார். பெரிய பாத்தியிலேயே உப்பு விழ ஆரம்பித்துவிட்டது. ஒரு வெள்ளிக்கிழமை, ஜும்மா தொழுகைக்குக் கிளம்பும்போது பாய் பைக்கை ஸ்டார்ட் செய்துகொண்டே சொன்னார்.

"அந்தம்மாவ ஷெட்டுக்கு மாத்தி விடுங்க. வயசாயிடுச்சு. தண்ணிக்கு வேற ஆளப் போடுங்க."

ஷெட் என்றால் உப்பைப் பாக்கெட் போடும் இடம். முந்தின இரண்டு சீசனில் அங்கே மாற்றப்பட்ட மூன்று பெண்களும் பிறகு வேலையில் இல்லை. இது பச்சையம்மாவுக்குத் தெரியும். எனக்கும் தெரியும்.

சாயங்காலம் குரூப்பில் மெசேஜ் போட்டேன். 'நாளை முதல் பச்சையம்மா பாக்கெட் ஷெட். மூன்றாம் பிளாக் தண்ணீர் ஏழுமலை.' ஏழுமலைக்கு நாற்பது வயதுக்கு மேல். எங்களிடம் இருந்தவர்களில் நன்றாக உப்பு வாருகிறவர் அவர்தான். தண்ணீர் பார்த்ததில்லை. வேகமானவர், சொன்னதைக் கேட்பவர் என்பதால் போட்டேன்.

பச்சையம்மாவின் மகள் அதை வாசித்துக் காட்டியிருக்கிறாள். மறுநாள் காலை ஆறு மணிக்கு அவர் என்னிடம் வந்தார்.

"எங்கன்னு போட்டுட்டீங்க. எனக்கு பதிலு யாருன்னும் போட்டுட்டீங்க. கூட நிக்கிறது எப்பன்னு போடலயே?"

"தேவையில்லம்மா. ஏழுமலை பாத்துக்குவாரு."

"ஷெட்டுனா அடுத்தது வூடுதான். அத நேரா சொல்லிட்டுப் போங்களேன்."

"அப்படியெல்லாம் இல்லம்மா."

அவர் ஷெட்டுக்குப் போனார். வேலைக்குக் கொடுத்த நீல ஏப்ரனைக் கட்டிக்கொண்டு மூன்றாவது மேஜையில் உட்கார்ந்தார்.

4. சனிக்கிழமை, மதியம் மூன்று மணி

மேற்கே பெருமுக்கல் பக்கம் வானம் கருத்திருந்தது. கோடை மழை எங்களுக்கு எப்போதும் அந்தத் திசையிலிருந்துதான் வரும். மூன்று மணிக்குப் பெரிய துளிகளாக விழுந்தது.

மூன்றாம் பிளாக்கில் ஆறு பாத்தியிலும் நான்கு நாள் உப்பு அடியில் படிந்திருந்தது. இந்த இடத்தில் தொழில் தெரியாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். மழைத் தண்ணீர் லேசானது. உப்புத் தண்ணீர் கனமானது. கலக்காமல் விட்டால் மழைத் தண்ணீர் மேலேயே நிற்கும், அடியிலிருக்கும் உப்பைத் தொடாது. மழை நின்றதும் வரப்பின் மேல்பக்கத்தை விரலளவுக்கு வெட்டிவிட்டு, மேல்தண்ணீரை மட்டும் மெதுவாக வடிய விட வேண்டும். அதுவரை யாரும் பாத்தியில் கால் வைக்கக் கூடாது. இது தண்ணீர் பார்ப்பவருக்குத் தெரிந்த விஷயம். வாருகிறவருக்குத் தெரிந்தது வேறு. உப்புக்கு ஆபத்து என்றால் அவர் கை உடனே அதை வாரி வரப்பில் ஏற்றப் பார்க்கும்.

ஏழுமலை அதைத்தான் செய்தார். மூன்று பேரைக் கூட்டிக்கொண்டு வாருபலகையோடு பாத்தியில் இறங்கினார். அவருக்குக் கெட்ட எண்ணம் ஒன்றும் இல்லை. அந்த நாலு பேரும் அன்று உழைத்த மாதிரி நான் யாரும் உழைத்துப் பார்த்ததில்லை.

நான் இரண்டாம் பிளாக் வரப்பிலிருந்து ஓடி வந்தபோது பச்சையம்மா அங்கே நின்றிருந்தார். தலையில் ஒரு பிளாஸ்டிக் சாக்கு. ஏப்ரன் நனைந்து ஒட்டியிருந்தது.

"ஏம்பா ஏழுமலை, எறங்காத. கால எடு. கலங்குது பாரு."

ஏழுமலை நிமிர்ந்து பார்த்தார். மரியாதையாகத்தான் சொன்னார்.

"அக்கா, உங்கள மாத்தி விட்டாச்சு. நான் பாத்துக்குறேன்."

பக்கத்தில் வாரிக்கொண்டிருந்தவர் சிரித்தார். "பாக்கெட்டு போடப் போனவங்களுக்கு இங்க இன்னா வேல? போய் ஒட்டுக்கா."

பச்சையம்மா என்னைப் பார்த்தார். நான் ஏழுமலையிடம் ஏறச் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. யார் சொல்வது சரி என்று அந்த நிமிஷம் எனக்குத் தெரியவில்லை. அவர் திரும்பி ஷெட்டுக்கு நடந்தார்.

மழை இருபது நிமிஷத்தில் நின்றது. பாத்தியில் இருந்தது சேறு கலந்த வெள்ளைத் தண்ணீர். வரப்பில் ஏற்றிய உப்பும் மண்ணாகியிருந்தது. எதுவும் தேறவில்லை.

5. டைரி

பாய் மரக்காணம் பஜாரிலிருந்து வந்தார். பாத்தியைச் சுற்றி ஒருமுறை நடந்தார்.

"யாரு எறங்கச் சொன்னது?"

"நான்தான் பாய்," என்றார் ஏழுமலை.

பாய் என் பக்கம் திரும்பினார். "இவன மாத்தி விடுங்க."

"எங்க பாய்?"

"எங்கயாவது."

ஏழுமலை வாருபலகையைக் கழுவ ஆரம்பித்தார். அது அவருடைய சொந்தப் பலகை. வீட்டுக்குக் கொண்டுபோகத்தான் கழுவினார்.

நான் ஷெட்டுக்குப் போனேன். பச்சையம்மா காய்ந்த புடவைக்கு மாறி, மேஜையில் உட்கார்ந்திருந்தார். நேற்றே கேட்டிருக்க வேண்டியதை அப்போதுதான் கேட்டேன்.

"ரெண்டு தடவ ஏன் லேட்டா தெறந்தீங்க?"

கையிலிருந்த பாக்கெட்டை மேஜையில் வைத்தார். பிறகு தணிந்த குரலில் சொன்னார். "கோடு தெரியல சார். ரெண்டு மாசமா. வெயில்ல எல்லாம் வெள்ளயா இருக்குது. கொழாய மெதக்க விட்டுட்டு, தண்ணிய நாக்குல வெச்சுப் பாத்துத்தான் தெறந்தேன். சொன்னா மாத்திடுவீங்கன்னு சொல்லல."

ஆக, பாய் மாற்றச் சொன்னது தவறு இல்லை. பச்சையம்மாவால் அந்தக் குழாயைப் படிக்க முடியாது. நான் மாற்றிய விதம்தான் தவறு. ஒருவரைப் பாத்தியிலிருந்து எடுத்துவிட்டேன். அவருக்குத் தெரிந்தது எதையும் பாத்தியில் விடவில்லை.

களத்து டைரியில் நடந்ததை எழுதினேன். இடம், நேரம், எத்தனை பாத்தி. 'மழைத் தண்ணீர் கலந்ததால் உப்பு கரைந்தது' என்று முடித்திருந்தேன். படித்துப் பார்த்தேன். யார் என்பது இல்லை. பேப்பரில் சப் எடிட்டர் இதைத் திருப்பி அனுப்பியிருப்பார். கீழே ஒரு வரி சேர்த்தேன். 'கூட நிற்க வைக்காமல் ஆள் மாற்றியவர் சூப்பர்வைசர்.' கையெழுத்துப் போட்டு பாயிடம் கொடுத்தேன்.

அவர் இரண்டு முறை படித்தார்.

"அப்ப உங்களத்தான் மாத்தி விடணும். எங்கன்னு தெரியலயே."

"ஏழுமலையும் அந்தம்மாவும் ஒரு சுத்து சேந்து நிக்கட்டும் பாய். அதுக்கப்புறம் அவங்க ஷெட்டுக்குப் போகட்டும். ஷெட்டுலயே இருக்கட்டும், வூட்டுக்கு இல்ல."

பாய் டைரியை மூடிக் கொடுத்தார். "எழுதிக்கோங்க. அடுத்த மழைக்கு இப்படி ஒரு வரிய இந்த டைரியில நான் படிக்கக் கூடாது."

6. ஒரு சுற்று

ஒன்பது நாள் ஆனது. ஏழுமலை குழாயைப் படிப்பார், பச்சையம்மா பக்கத்தில் நிற்பார்.

"இருவத்தி மூணு டிகிரி, அக்கா."

"மூணா, மூணரையா? கடக்காரன் மாதிரி ரவுண்டா சொல்லாத."

"மூணேகால்."

"சரி, இன்னிக்குத் தெறக்காத. காத்து எறங்கட்டும்."

"பேப்பர் சார் இன்னிக்கே தெறக்கச் சொன்னாரே."

"அவரு இன்னா, தண்ணிய அச்சடிக்கவா போறாரு?"

இதை என் காதில் விழும்படிதான் சொன்னார்கள்.

கசியும் வரப்பு எது, மழைக்கு எங்கே வெட்டுவது, எந்தக் காற்றில் தண்ணீர் சீக்கிரம் கெட்டியாகும், எல்லாம் வந்தது. எதுவும் பாடம் மாதிரி இல்லை. பாதி திட்டு, பாதி சண்டை. ஒன்பதாம் நாள் உப்பை வாரி அம்பாரத்தில் ஏற்றிய பிறகு பச்சையம்மா கை கால் கழுவிக்கொண்டு என்னிடம் வந்தார்.

"இப்ப மாத்தி வுடுங்க."

அவர் எதிரிலேயே டைரியில் எழுதினேன். எங்கிருந்து, எங்கே, யாருக்குப் பதில் யார், எத்தனை நாள் சேர்ந்து நின்றார்கள். ஏழுமலை கையெழுத்துப் போட்டார். பச்சையம்மாவும் போட்டார், கண்ணைக் கோட்டுக்குப் பக்கத்தில் கொண்டுபோய். அதற்குப் பிறகு நான் செய்த எந்த மாற்றத்தையும் போனில் முடிக்கவில்லை.

நான் கற்றது இவ்வளவுதான். ஆளை மாற்றுவது சுலபம், ஒரு வரி போதும். வேலை தானாக மாறாது. அது ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்குப் போக நாள் பிடிக்கும். அந்த நாட்களைக் கொடுக்க முடியாதென்றால், மாற்றத்தைத் தள்ளிப் போடுங்கள்.

சீசன் முடிந்ததும் பச்சையம்மா பாண்டிச்சேரியில் கண் ஆபரேஷன் செய்துகொண்டார். அடுத்த சீசன் தொடங்கிய அன்று காலை ஆறு மணிக்கு ஷெட்டில் அதே மூன்றாவது மேஜையில் இருந்தார்.

அந்த வருஷமும் பெருமுக்கல் பக்கம் கருத்து, மதியத்தில் ஒரு மழை வந்தது. மூன்றாம் பிளாக்குக்கு ஓடினேன். வாருகிறவர்கள் தார்ப்பாய்க்குக் கீழே உட்கார்ந்திருந்தார்கள். பலகைகள் வரப்பில் கிடந்தன. ஏழுமலை மட்டும் வெளியே நனைந்துகொண்டு நின்றார், மண்வெட்டியோடு, வரப்பின் மேலேயே. மழை நிற்கக் காத்திருந்து, மேல் மண்ணை விரலளவு வெட்டிவிட்டார். மேல்தண்ணீர் சத்தமில்லாமல் வடிந்தது. அடியில் உப்பு அப்படியே இருந்தது.

ஷெட் வழியாகத் திரும்பினேன். பச்சையம்மா எழுந்து வெளியே வந்திருக்கவில்லை. பாக்கெட் ஒட்டிக்கொண்டே, தலை நிமிராமல் கேட்டார்.

"எறங்குனானா?"

"இல்லம்மா."

ஒட்டிய பாக்கெட்டை அடுக்கில் வைத்துவிட்டு அடுத்ததை எடுத்தார்.