லாயோஷ் சாகாத பிரதி

போன கிழமை வீடு மாறும்போது ஒரு டிவிடி அகப்பட்டது. உறையில் தங்க எழுத்தில் ‘லாயோஷ்’, மூலையில் இரண்டு மல்லிகைப் பூ. போட்டுப் பார்க்க வீட்டில் மெஷின் இல்லை. உறையைத் திறந்ததும் சூடான பிளாஸ்டிக்கும் கறிவேப்பிலையும் கலந்த அந்தக் கடை வாசம் வந்தது. வந்ததாக நினைத்துக்கொண்டேன், உங்களுக்கென்ன நட்டம்.

கடை என்றால் முன்பக்கம் அரிசி மூட்டை, பின்பக்கம் கல்யாண வீடியோ. இரண்டாயிரங்களின் தொடக்கம். மொன்றியலுக்கு வந்த புதிதில் காலையில் பிரெஞ்சு வகுப்புக்குப் போவேன், பின்னேரம் அங்கே எடிட்டிங். முதலாளி செல்வம் அண்ணைக்கு ஒரே விதி: வீடியோவில் அபசகுனம் இருக்கக்கூடாது. விளக்கு அணைந்தால் வெட்டு. யாராவது தும்மினால் வெட்டு. தாலி ஏறும்போது மாமி அழுதால் அதையும் வெட்டு. எனக்குக் கை பழகிவிட்டது.

லாயோஷ் மேல்மாடியில் குடியிருந்த ஹங்கேரிக்காரர், எழுபது தாண்டியவர். எங்கள் செத்தல் மிளகாயைத் தின்றுவிட்டுப் பரவாயில்லை என்று சொன்ன ஒரே வெள்ளைக்காரர். ஊரில் மூன்று படங்களில் நடித்தாராம். முதலாவதில் கூட்டத்தில் ஒருவர், இரண்டாவதில் கோப்பி கொண்டுவருபவர், மூன்றாவதில் படிக்கட்டில் சூடுபட்டுச் சாகும் சிப்பாய். நாட்டில் கலவரம் வர எல்லை தாண்டி இங்கே வந்து, முப்பது வருஷம் உடுப்பு ஆலையில் துணி வெட்டினார். அப்பா நடிகர் என்பதை, பக்கத்து நகரமான லவாலில் இருந்த மகள் நம்பவேயில்லை. அவள் பிறந்தநாளுக்குக் காட்டவென்று, ஊரிலிருந்து யாரோ அனுப்பிய, அந்த மூன்றாவது படத்தின் ஒரே டேப்பைக் கொண்டுவந்து, அழகான டிவிடியாக்கித் தரச் சொன்னார்.

அழகாக்கினேன். பூமழை, நாதஸ்வரம், தங்க எழுத்து. ஆள் படியேறுகிறார், துப்பாக்கி வெடிக்கிறது, சாகப்போகிறார் என்று தெரிந்ததும் கை தன்பாட்டில் வெட்டியது.

"உயிரோட இருக்கிற மனுசன். நல்ல வேலை செய்தனீர்" என்றார் செல்வம் அண்ணை.

வழக்கம்போலக் கம்ப்யூட்டரில் மிச்சத்தை அழித்தேன். டேப்பும் மெஷினில் சிக்கிக் கிழிந்தது. பிரதிதான் இருக்கிறதே என்று நாங்கள் கவலைப்படவில்லை.

சனிக்கிழமை கடை டிவியில் போட்டோம். படியேறினார், பூ கொட்டியது, முடிந்தது.

"நான் எங்க சாகிறன்?" என்று லாயோஷ் பிரெஞ்சில் கேட்டார்.

எனக்குத் தெரிந்த பிரெஞ்சில் அபசகுனத்துக்குச் சொல் இல்லை. டேப் கிழிந்ததையும் சொல்லவேண்டி வந்தது.

"எனக்குச் சரியா வந்தது அது ஒண்டுதான்" என்றார்.

பிறகு தொப்பியைக் கழற்றி என்னிடம் தந்தார். இரண்டு அடி வைத்தார். நெஞ்சைப் பிடிக்கவில்லை, நம் சினிமா ஆட்களைப்போல வசனமும் பேசவில்லை. எதையோ மறந்துவிட்டவர் போல நின்று, அரிசி மூட்டையில் சரிந்து, கண் திறந்தபடியே போனார். வெங்காயம் வாங்க வந்த அக்கா 911ஐ அடித்துவிட்டார். அம்புலன்ஸ்காரர்கள் வந்து நிற்க, லாயோஷ் எழுந்து அவர்களுக்குக் குனிந்து வணங்கினார். அவ்வளவு சந்தோஷமாக அவரை நான் பிறகு கண்டதில்லை.

நாலைந்து வருஷத்தில் உண்மையாகவே போனார், நித்திரையில், பார்க்க ஒருவருமில்லாமல். லவாலில் பிரேதம் வைத்திருந்த மண்டபத்தில் எங்கள் டிவிடி திரும்பத் திரும்ப ஓடியது. ஹங்கேரிக்காரர்கள் நாதஸ்வரத்தை எழுந்து நின்று கேட்டார்கள். மகள் என்னிடம் வந்து, இந்தப் படத்தில் அருமையாகச் செத்ததாக அப்பா சொல்லிக்கொண்டே இருப்பார், அது உண்மையா என்று கேட்டாள்.

"நான் பாத்தனான். நல்லாச் செத்தவர்" என்றேன்.

அவள் அப்போதுதான் அழுதாள். போகும்போது டிவிடியை என் கையில் தந்துவிட்டாள்.

கடை இருந்த இடத்தில் இப்போது பல் வைத்தியர். செல்வம் அண்ணை ரொறன்ரோவுக்குப் போய்விட்டார். மெஷின் கிடைத்தால் லாயோஷ் இன்னும் படியேறுவார். அவர் ஒழுங்காகச் செய்த அந்த ஒரு சாவுதான் எங்கேயும் இல்லை. அதை வெட்டியது நான்.