இரண்டு வெள்ளைக் கோட்டுகள்

தெற்கு லண்டனில் தமிழர்களுக்கென்று பெரிய பாண்ட் ஒன்றை முதலில் நடத்தியவன் நான்தான். வேறு யாராவது தாங்கள்தான் என்று சொன்னால் நம்பாதீர்கள். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன் நான். கொழும்பு ஹோட்டல்களில் ஜோடி ஜோடியாக ஆடிய காலத்து டான்ஸ் பாண்டுகளில் டபுள் பேஸ் வாசித்துப் பழகினேன். ஆளைவிட உயரமான அந்த நாலு தந்தி வாத்தியத்தை ஏற்றவென்றே, லண்டனுக்கு வந்து மிச்சம் என்கிற பகுதியில் முதல் கடை திறந்த கையோடு ஒரு வான் வண்டியும் வாங்கினேன். வான் வைத்திருப்பவன்தான் பாண்ட் லீடர். இதை எந்தச் சங்கீதக் கல்லூரியிலும் சொல்லித் தரமாட்டார்கள்.

பன்னிரண்டு பேர் இருந்தோம். எல்லோருக்கும் கறுப்புக் கோட்டு, எனக்கு மட்டும் வெள்ளை.

எண்பதுகள் முடியும்வரை எங்களை விட்டால் கலியாண ரிசெப்ஷனுக்கு வேறு ஆள் கிடையாது. பிறகுதான் டிரம்பெட் ஊதிய கணக்காளருக்கு அந்த யோசனை வந்தது.

"அண்ணை, எங்களுக்கும் ஒரு கமிட்டி வேணும்."

கோயிலுக்கு இருக்கிறதாம், பழைய மாணவர் சங்கத்துக்கு இருக்கிறதாம். கமிட்டி வந்தால் பின்னால் என்ன வரும்? பிளவு வரும். மூன்றாவது கூட்டத்திலேயே வந்துவிட்டது. ஊதுகிற ஆறு பேர் அவர் பக்கம், தட்டுகிற, மீட்டுகிற ஆறு பேர் என் பக்கம். பாண்டின் பெயரை இரண்டு பக்கமும் வைத்துக்கொண்டோம். அவரும் ஒரு வெள்ளைக் கோட்டுத் தைத்துப் போட்டுக்கொண்டார்.

அடுத்த கலியாணம் விம்பிள்டனில். மாப்பிள்ளை வீட்டார் என்னைப் பிடித்தார்கள், பெண் வீட்டார் அவரைப் பிடித்தார்கள். இரண்டும் ஒரே பாண்ட் என்றுதான் பாவம் நினைத்திருந்தார்கள். நான் பேஸை இறக்கிக்கொண்டு உள்ளே போனால் அவர் மேடையில் மைக்கைத் தட்டிப் பார்க்கிறார்.

"அண்ணை, இது எங்கட புக்கிங்."

"உம்மட டிரம்பெட்டே என்ர வானுக்குள்ளை ஏறித்தான் ஊர் பாத்தது. இறங்கும் கீழை!"

மிச்சம் பகுதித் தமிழர்களில் பாதிப் பேரும், பக்கத்துக் கோலியர்ஸ் வுட் தமிழர்களில் முக்கால்வாசிப் பேரும் அந்த மண்டபத்தில்தான் இருந்தார்கள். யாருடைய வாசிப்புக்குச் சனம் ஆடுகிறதோ அவருக்குத்தான் இனிமேல் பெயர். மற்றவர் வீட்டில் இருக்கவேண்டியதுதான்.

முதலில் அவர்கள். ஆறு குழலும் ஒன்றாகக் கிளம்பியதும், தீயணைப்பு வண்டி வந்துவிட்டதென்று ஒரு மாமி கைப்பையோடு எழும்பிவிட்டார். பிறகு நாங்கள். மறைக்காமல் சொல்கிறேன், மேல்வீட்டில் யாரோ அலுமாரி நகர்த்துவது போலத்தான் கேட்டது. ஒருவரும் ஆடவில்லை. மட்டன் ரோல்ஸ் மட்டும் நன்றாக ஓடியது.

அப்போது மாப்பிள்ளையின் பெரியப்பா, மேடைக்குக் கீழே வெள்ளைக் கோட்டோடு நின்ற கணக்காளரைக் கைதட்டிக் கூப்பிட்டார்.

"தம்பி, இஞ்சை ரெண்டு கோக் கொண்டு வாரும்."

"நான் வெயிட்டர் இல்லை ஐயா. பாண்ட் லீடர்."

"அப்ப அந்த மற்ற வெயிட்டரிட்டைச் சொல்லும்" என்று பெரியப்பா என்னைக் காட்டினார்.

கணக்காளர் என்னைப் பார்த்தார், நான் அவரைப் பார்த்தேன். எனக்குச் சிரிப்பை அடக்க ஏலவில்லை. சிரித்த வாயோடு பேஸில், ஊரில் கிழவரையும் ஆடவைக்கும் பைலாப் பாட்டின் அடி ஒன்றை எடுத்துவிட்டேன். டிரம்ஸ் சேர்ந்தது. கீழே நின்ற சாக்ஸபோன்காரர், பழக்க தோஷம், வாயில் வைத்துவிட்டார். மற்றக் குழல்களும் ஒவ்வொன்றாக வந்தன. கடைசியில் டிரம்பெட்டும் வந்தது. முதல் ஆளாக ஆட எழும்பியவர் பெரியப்பாதான், கோக் இல்லாமலே.

அடுத்த நாள் கணக்காளர் கடைக்கு வந்தார்.

"அண்ணை, திரும்ப ஒண்டாச் சேருவம்."

"ஓம், சேருவம். முதல்லை அந்தக் கோட்டைக் கழட்டும்."

"நீங்கள் கழட்டுங்கோவன்."

இருவரும் கழற்றவில்லை. தொண்ணூறுகள் முழுக்க ஒரு பாண்ட், இரண்டு வெள்ளைக் கோட்டு. ஆனால் ஒவ்வொரு பாட்டையும் தொடங்கி வைத்தது என் பேஸ்தான், லீடர் யாரென்று நீங்களே முடிவுசெய்யுங்கள். எந்தக் கலியாணத்துக்குப் போனாலும் யாராவது ஒருவர் எங்களிடம் கோக் கேட்காமல் விடவில்லை. அவரிடம்தான் அதிகம் கேட்டார்கள்.