அண்ணை கண்ட இரண்டாவது கொடி

கடற்றொழிலாளர் சங்கத் தலைவர் இருந்தார். செயலாளர் இருந்தார். முறைப்பாட்டுக்காரர் – என் அண்ணை – இருந்தார். அவருக்குப் பக்கத்தில் அண்ணி. பின்வரிசை வாங்கில் நான். நடுவில், சீமெந்துத் தரையில், உப்புநீர் சொட்டச் சொட்ட ஒரு குவியல் நண்டு வலை.

வராதவர் ஒரே ஒருவர்தான். குற்றவாளி.

இது நடந்து சில மாதங்கள் ஆகிவிட்டன. போன கிழமைதான் அண்ணை அனுமதி தந்தார். "எழுது. ஆனா என்ரை பேரைப் போடாதை." போடவில்லை. எங்கள் கரையில் குழந்தைப் பிள்ளைக்கும் ஆள் யாரென்று தெரியும் என்பது வேறு விஷயம்!

முறைப்பாடு இதுதான். இரவு முழுக்கக் களப்பில் வேறு தொழிலில் நின்றுவிட்டு, விடியும் நேரம் தன் நண்டு வலையைத் தூக்கப் போயிருக்கிறார் அண்ணை. எங்கள் பக்கத்தில் வலை போட்டால் அதன் தலைப்பில் ஒரு தடி மிதக்கும். தடியில் கொடி. வீட்டுக்கு ஒரு நிறம். எங்களது சிவப்பு. கொடியைப் பார்த்தாலே வலை யாருடையது என்று தெரியும். பிறத்தி ஆள் தொடமாட்டார். அன்றைக்கு அண்ணை கண்டதோ இரண்டு சிவப்புக் கொடிகள். பக்கத்துப் பக்கத்தில்.

யாரோ தன் வலைக்கு மேல் வலை போட்டிருக்கிறான்… அதுவும் தன்னுடைய நிறத்திலேயே கொடி கட்டிக்கொண்டு! அண்ணைக்கு வந்த கோபத்தில் கத்தியை எடுத்தார். கையில் அகப்பட்ட கொடியின் கயிற்றை அறுத்தார். வலையை வெட்டி வெட்டி வள்ளத்துக்குள் அள்ளிப் போட்டார். பிறகு நிமிர்ந்து பார்த்தால் – மற்றக் கொடியையும் காணோம்!

வேறு ஆளென்றால் இந்த இடத்தில் கொஞ்சம் யோசித்திருப்பார். அண்ணை யோசிக்கவில்லை. தன் வலையைக் களவெடுத்துக்கொண்டு, தன்னிடத்தில் வேறு வலையை விட்டுவிட்டு எவனோ ஓடிவிட்டான் என்று முடிவு கட்டிவிட்டார். நேரே சங்கத்துக்கு வந்து முறைப்பாடும் கொடுத்துவிட்டார்.

செயலாளர் வலையை விரித்தார். அண்ணி சும்மா எட்டிப் பார்த்தார். பிறகு குனிந்தார். பிறகு தரையிலேயே இருந்துவிட்டார்.

"பொறுங்கோ… இந்தக் கிழிசலை ரோஸ் நூலாலை பொத்தியிருக்கு. நீல நூல் முடிஞ்சுபோச்செண்டு பிள்ளையின்ரை கைவேலை நூலை எடுத்து நான் பொத்தினது. இது எங்கடை வலையப்பா!"

பிறகு தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு சொன்னார். "அப்ப குற்றவாளியும் வந்துதான் இருக்கிறார்."

சிரிப்பென்றால் அப்படி ஒரு சிரிப்பு. செயலாளர் அண்ணையின் தோளில் தட்டினார். "என்ன அண்ணை, விடியக்காலமையே போட்டிட்டுத்தான் இறங்கினனியளோ?"

அண்ணை சிரிக்கவில்லை. "நான் குடிக்கிறேல்லை எண்டு உனக்குத் தெரியும். ரெண்டு கொடி கண்டனான். இந்தக் கண்ணாலை கண்டனான்."

விரலால் தன் இடது கண்ணைக் காட்டினார். அப்போதுதான் நான் கவனித்தேன். அந்தக் கண் பாதி மூடியிருந்தது. அவர் மூடவில்லை. இமை தானாக விழுந்து கிடந்தது.

வாசகர்களுக்குத் தெரியும், நான் கொக்குவிலில் ரியூசன் பிள்ளைகளுக்கு உயிரியல் சொல்லிக் கொடுப்பவன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முழுதாக முடித்த முதல் ஆளும் நான்தான். அதனால் வீட்டுக்கு எந்தக் கடிதம் வந்தாலும், யாருக்கு என்ன நோய் வருத்தம் வந்தாலும், கடைசியில் என் தலையில்தான் வந்து நிற்கும். அண்ணையைக் கிளினிக்குக்குக் கூட்டிப் போனதும் நான்தான்.

இளம் பெண் டொக்டர். என்னைவிட வயது குறைவாகத்தான் இருக்கும். நித்திரையால் எழும்பியதும் கண் சரியாக இருக்கிறதா என்று கேட்டார். ஓம். வேலை செய்து களைத்த பிறகு இமை விழுகிறதா? ஓம். ஒன்று இரண்டாகத் தெரிகிறதா? அண்ணை என்னைத் திரும்பிப் பார்த்தார், 'சங்கத்துக் கதையைச் சொல்லிப்போட்டியா' என்பது மாதிரி.

டொக்டர் ஒரு கையுறைக்குள் ஐஸ் கட்டிகளைப் போட்டு, விழுந்த இமைக்கு மேல் வைத்தார். கொஞ்ச நேரம் பிடித்துவிட்டு எடுத்தார். கண் பளிச்சென்று திறந்திருந்தது!

"ஐஸ் மீனுக்குத்தான் எண்டு நினைச்சனான்" என்றார் அண்ணை. "எனக்கும் போட்டாத்தான் பழுதாகாமல் இருப்பன் போலை."

டொக்டர் நன்றாகச் சிரித்தார். ஆனால் விடவில்லை. குளிசை எழுதினார். இரத்தம் எடுத்தார்கள். நெஞ்சை ஸ்கான் செய்தார்கள். முடிவு வந்தது: நெஞ்சுக்குள் தைமஸ் என்று ஒரு சுரப்பி, அது வீங்கிக் கிடக்கிறது, கொழும்புக்குப் போய் அதை வெட்டி எடுத்தால் நல்லது.

அண்ணை வீடு வந்து சேரும்வரை வாய் திறக்கவில்லை. வந்ததும் திறந்தார்.

"கண்ணைக் காட்டப் போனா நெஞ்சைப் பிளக்க வேணுமாம்! நாளைக்குக் கால் நொந்தா தலையை எடுப்பினமோ?"

இத்தனை வருடம் நான் படித்தது இந்த ஒரு நாளுக்காகத்தான் என்று எனக்குத் தோன்றியது. கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு அவருக்கு முன்னால் இருந்தேன்.

"அண்ணை, நெஞ்செலும்புக்குப் பின்னாலை இருக்கிற அந்தத் தைமஸ் ஒரு பள்ளிக்கூடம் மாதிரி. கிருமியோடை சண்டை பிடிக்கிற இரத்தக் கலங்கள் அங்கைதான் படிக்குது. எது எங்கடை உடம்பு, எது பிறத்தி எண்டு."

"சரி."

"கடைசியிலை ஒரு சோதினை. எங்கடை உடம்பின்ரை துண்டுகளைக் காட்டுவினம். அதைக் கண்டு பாயிற கலம் பெயில்."

"பெயில் விட்டா?"

"சாக வேண்டியதுதான்."

"எத்தினை பேர் பாஸ் பண்ணுவினம்?"

"கொஞ்சம்தான். மிச்சம் முழுக்க அங்கையே முடிஞ்சிடும்."

அண்ணை அண்ணியின் பக்கம் திரும்பினார். "பாத்தியே? நான் அஞ்சாம் வகுப்போடை நிண்டதாலைதான் இண்டைக்கு உயிரோடை இருக்கிறன்."

யோசித்துப் பாருங்கள். எங்கள் ஒழுங்கைக்குள் ஒரு புது முகம் வந்தால் போதும். "தம்பி ஆர்? எவடம்? ஆற்றை பெடியன்?" என்று படலைக்குப் படலை விசாரணை நடக்கும். பிறத்தியாரைக் கண்டு பாய யாருக்கும் படிப்புத் தேவையில்லை. நம்முடையதைக் கண்டால் சும்மா இருக்க வேண்டுமே… அதற்குத்தான் உடம்புக்குள் ஒரு பள்ளிக்கூடமே வேண்டியிருக்கிறது! எல்லை வேலிக்காகக் கூடப்பிறந்தவன் மேல் வழக்குப் போட்டுக் கோட்டுக்கு ஏறியவர்களை எனக்குத் தெரியும். அவர்களை எந்தச் சுரப்பிக்குள் போட்டு எடுப்பது?

சரி, அண்ணையிடம் வருவோம். அவருடைய பள்ளிக்கூடம் குழம்பிப்போய்விட்டது. நரம்பு சொல்வது தசைக்குக் கேட்கும் இடத்தைப் பிறத்தி என்று நினைத்து அவருடைய உடம்பே தாக்குகிறது. முதலில் இமை. பிறகு வாய், தொண்டை. விட்டால் மூச்சு. இதையெல்லாம் சொன்னேன். 'உங்கடை வலையை நீங்களே வெட்டின மாதிரித்தான்' என்றும் சொன்னேன். அது கொஞ்சம் சுட்டிருக்க வேண்டும்.

"பள்ளிக்கூடத்தை வெட்டி எடுத்தா பிறகு ஆர் காவல்?"

"பாஸ் பண்ணினவை எப்பவோ வெளியிலை வந்து வேலை செய்யினம் அண்ணை. வளந்த ஆக்களுக்கு அது சுருங்கிப் போற சாமான்தான். உங்களுக்குத்தான் சுருங்காமல் நிக்குது."

அண்ணை தன் உள்ளங்கைகளை விரித்துப் பார்த்தார். கயிறு இழுத்து இழுத்துக் காய்த்த கைகள்.

"நெஞ்சைப் பிளந்தவன் வலை இழுப்பானோடா?"

என் படிப்பு அந்த இடத்தில் முடிந்துவிட்டது. இழுப்பார் என்று டொக்டர் சொன்னதைத் திருப்பிச் சொன்னேன். "அவ வலை இழுத்தவவோ?" என்றார். விஷயம் அத்தோடு நின்றது. ஒரு கிழமை, பத்து நாள்… அவர் தொழிலுக்குப் போய் வந்தபடிதான் இருந்தார். தனியாக. அந்தக் கண்ணோடு.

முடிவு எடுத்தது நானுமில்லை, டொக்டருமில்லை. கணவாய்க் கறி.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அண்ணை தன் சோற்றுக் கோப்பையில் இருந்த கணவாய்த் துண்டுகளை ஒவ்வொன்றாக அண்ணியின் கோப்பைக்குத் தள்ளினார். அண்ணி கையை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தார். அண்ணை சோற்றை மென்றுகொண்டிருந்தார். இடது கையால் தாடையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு.

"இஞ்சேருங்கோ. ரெண்டு கிழமையா இறைச்சியையும் கணவாயையும் எனக்குத்தான் தள்ளுறியள். நானும், இத்தினை வருசத்துக்குப் பிறகு மனிசனுக்குப் பாசம் வந்திட்டுதெண்டு சந்தோசப்பட்டுக்கொண்டு இருந்தன்…" அண்ணியின் குரல் இறங்கியது. "சப்ப ஏலாமலோ தள்ளினனீங்கள்?"

அண்ணை குனிந்து சோற்றைப் பிசைந்தார்.

"கதையுங்கோ!"

"பாசமும்தான்" என்றார் அண்ணை.

நான் சிரித்துவிட்டேன். அண்ணி சிரிக்கவில்லை. எழும்பிப் போய்க் கையைக் கழுவிவிட்டு வந்தார்.

"கொழும்புக்குப் போறம்."

"வலை –"

"வலையை நான் இழுக்கிறன். வாயை மூடிக்கொண்டு வெளிக்கிடுங்கோ."

அண்ணி வலை இழுக்க வேண்டி வரவில்லை. 'போட்டிட்டுத்தான் இறங்கினனியளோ' என்று கேட்ட அதே செயலாளர், தன் தொழிலோடு சேர்த்து அண்ணையின் வலையையும் பார்த்துக்கொண்டார். ஒவ்வொரு நாள் காலையும் ஆஸ்பத்திரிக் கட்டிலுக்குப் போன் வரும். "அண்ணை, இண்டைக்கும் ஒரு கொடிதான் நிக்குது. பயப்பிடாதேங்கோ!" தையல் போட்ட நெஞ்சோடு சிரிக்க முடியாமல் அண்ணை அவரைத் திட்டுவார். திட்ட முடிகிறதே என்று நாங்கள் சந்தோஷப்படுவோம்.

போன கிழமை மறுபடியும் கொழும்புக் கிளினிக். இமை நிமிர்ந்து நிற்கிறது. குளிசை தொடர வேண்டும், ஒரே நாளில் எல்லாம் மாறிவிடாது என்றார்கள். அடுத்த மாதத்தில் இருந்து மெல்ல மெல்ல வலையைத் தொடலாமாம். அண்ணை அதை மூன்று மொழியிலும் கேட்டு உறுதிப்படுத்திக்கொண்டார்.

பஸ்ஸுக்கு நடந்து வரும்போது கண்ணாடிச் சுவர் போட்ட ஒரு சாப்பாட்டுக் கடை. வாசலில் ஆள் உயரத்துக்கு நண்டுப் படம். 'யாழ்ப்பாணக் களப்பு நண்டு' என்று எழுதியிருந்தது. அண்ணை நின்றுவிட்டார்.

"உவன் எங்கடை நண்டையெல்லே வைச்சிருக்கிறான்!"

"விலையைக் கேட்டிட்டு உள்ளை போங்கோ" என்றார் அண்ணி. அதற்குள் அண்ணை உள்ளே போய்விட்டார்.

குளிரூட்டிய அறை. வெள்ளை விரிப்பு. நண்டு வந்தது. கூடவே ஓட்டை உடைக்க ஒரு குறடும் வந்தது. அண்ணை நண்டைப் புரட்டிப் பார்த்து, "ஓம், எங்கடைதான்" என்றார். குறட்டைத் தள்ளி வைத்தார். பெரிய காலை எடுத்து நேரே கடைவாய்க்குள் வைத்தார்.

அண்ணி தன் கோப்பையைத் தொடவில்லை. அண்ணையின் தாடையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

படார்!

பக்கத்து மேசைக்காரர்கள் திரும்பினார்கள். அண்ணை சப்பினார். சப்பினார். சப்பிக்கொண்டே இருந்தார். இடது கை சும்மா மேசையில் கிடந்தது. முதல் கால் முடிந்து மற்றக் காலும் முடிந்தது. எங்களுக்கு ஒரு துண்டும் வரவில்லை.

"எனக்கு ஒண்டும் தள்ளுறேல்லையோ? பாசம் எங்கை போச்சு?" என்றார் அண்ணி.

"சப்பேக்கை பாசம் வராது" என்றார் அண்ணை, வாய் நிறைய.

நெஞ்சைத் திறந்து மூடியதற்கு, மருந்துக்கு, கட்டிலுக்கு, அரசாங்க ஆஸ்பத்திரியில் எங்களிடம் ஒரு சதமும் வாங்கவில்லை. அந்த ஒரு நண்டுக்கு, வரியும் சேவைக் கட்டணமும் சேர்த்து – பதினாலாயிரத்து முந்நூறு ரூபா.