பாத்திமா அக்காவின் கோட்டு

போன வாரம் கல்மண்டபம் மார்க்கெட்டில் மீன் வாங்கிக்கொண்டிருந்தேன். கடைக்கார அம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார். "நீதான டிவில பனி மேல பறக்கற ஆளுங்கள பத்திப் பேசினு இருந்த? எங்கம்மா போச்சு அந்த கோட்டு?"

பாருங்கள்... நான் தொண்டை கிழியப் பேசினேன். ஊருக்கு ஞாபகம் இருப்பது கோட்டு!

பனிச்சறுக்கு பற்றி ஆர்வக்கோளாறில் நான் போட்ட ரீல்ஸைப் பார்த்து, ஒரு ஸ்போர்ட்ஸ் சேனல் கூப்பிட்டது. வெளிநாட்டுப் போட்டி, மூன்று நாள் லைவ், ஸ்டுடியோவில் உட்கார்ந்து தமிழில் விளக்க வேண்டும். நான் பார்த்த ஒரே பனி, எங்கள் வீட்டு ஃப்ரீசரில் படிவது. அதற்காக விடுவேனா?

"குளிர்கால லுக் வேணும். தடியா ஒரு கோட்டு போட்டுட்டு வாங்க" என்றார் தயாரிப்பாளர்.

ராயபுரத்தில் குளிர் கோட்டுக்கு எங்கே போவது?

பக்கத்து வீட்டு பாத்திமா அக்காவிடம் இருந்தது. எர்ணாவூர் பக்கம் எறா கம்பெனியில், இறாலை உறைய வைக்கும் குளிர் அறையில் அவருக்கு வேலை. கம்பெனி ஆளுக்கு ஒரு கோட்டுதான் தரும்.

"போட்டுகினு போ. ஆனா சாயங்காலம் ஆறு மணி ஷிப்டுக்குள்ள என் கைக்கு வந்துடணும். கோட்டு இல்லாம உள்ள வுட மாட்டான். ஏற்கெனவே நெறைய லீவு போட்டுட்டேன்... இன்னொரு தபா போட்டா வேலையே காலி."

முதல் இரண்டு நாளும் பிரச்சினை இல்லை. மாலைக்குள் கோட்டும் நானும் வீடு திரும்பினோம். மேக்கப் தம்பி மட்டும் மூக்கைச் சுளித்தான். "மேடம், கேன்டீன்ல இன்னிக்கு எறா தொக்கா?"

மூன்றாம் நாள் ஸ்கீ ஜம்பிங் — உயரமான மேடையிலிருந்து சறுக்கி வந்து பறப்பது. அங்கே பலமான காற்று. வீரர்கள் மேலேயே காத்திருக்க, "இன்னும் ஒரு மணி நேரம் பேசுங்க" என்று என் காதில் உத்தரவு. ஆறு மணிக்குள் நான் வீடு திரும்ப வழியே இல்லை.

விளம்பர இடைவேளையில் போன் செய்தேன்.

"டிவி பாத்துகினுதான் கீறேன்" என்றார் அக்கா. "இன்னா, காத்து நிக்கலியா?"

"இல்லக்கா. பைக் டாக்ஸில கோட்டை நேரா கம்பெனி கேட்டுக்கே அனுப்பறேன். நீ கெளம்பு."

"அடியே, பாதில கழட்டினா உன்ன திட்டுவானுங்கடி!"

"திட்டட்டும்."

இடைவேளை முடிந்தது. கேமரா முன்னால் வெறும் சுடிதாரில் நான். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தயாரிப்பாளர் தலையில் கை வைத்துக்கொண்டார். தொகுப்பாளரோ லைவிலேயே கேட்டுவிட்டார் — "கோட்டு எங்க?"

"அதுக்கு ஷிப்டு இருக்கு சார். வேலைக்குப் போயிடுச்சு."

வாய் ஸ்கீ ஜம்பிங் பேசியது. மனசு, கம்பெனிக்குப் போகும் எண்ணூர் ரோட்டில் கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே மாட்டிக்கொண்டு நின்றது. நிகழ்ச்சி முடிந்து போனைப் பார்த்தால், அக்காவின் வாய்ஸ் மெசேஜ்.

"கேட்டு சாத்தறதுக்குள்ள வந்துச்சுடி! இங்க எல்லாப் பொண்ணுங்களும் டிவில வந்த கோட்டுன்னு தொட்டுத் தொட்டுப் பாக்குதுங்க. ஒரே பேஜாரு!"

அப்போதுதான் எனக்கு மூச்சு வந்தது.

வேலையே போகலாம் என்று தெரிந்தும் எடுத்துக் கொடுத்தாரே... அவர் இடத்தில் நான் இருந்தால் கொடுத்திருப்பேனா? 'நானே முன்னேறி வந்தேன்' என்று மார்தட்டும்போது, அன்று யாருடைய கோட்டைப் போட்டிருந்தோம் என்று ஒரு நிமிடம் யோசித்தால் என்ன?

நேற்று அதே தயாரிப்பாளர் போன் செய்தார். அடுத்த போட்டிக்கும் வரணுமாம் — "அந்தக் கோட்டோட!"

"நான் ஃப்ரீதான் சார்" என்றேன். "கோட்டோட கால்ஷீட்டை பாத்திமா அக்காகிட்டதான் கேட்கணும்."