சான்றிதழில் பெரியப்பா பெயர்

எனக்கு யார் மேலும் சட்டென்று நம்பிக்கை வராது. ஒரகடத்துக் கம்பெனி ஒன்றில் ஆறு வருஷம் காண்ட்ராக்டில் வேலை பார்த்தவளுக்கு எப்படி வரும்? அடுத்த வருஷம் பர்மனென்ட், அடுத்த வருஷம் பர்மனென்ட் என்றே ஓட்டியவர்கள், ஒருநாள் நிஜமாகவே என் பெயரைப் பட்டியலில் போட்டார்கள். இதிலும் ஏதோ வில்லங்கம் இருக்கும் என்று நினைத்தேன். இருந்தது.

பத்தாம் வகுப்புச் சான்றிதழில் அப்பா பெயர் இருக்க வேண்டிய இடத்தில் பெரியப்பா பெயர். இன்ஷியலும் அவருடையதுதான். காண்ட்ராக்டில் சேர்த்தபோது அப்பா பெயர் உள்ள ஆதாரை மட்டும் பார்த்ததால் தப்பித்தேன். இப்போது எச்.ஆர். அதிகாரி இரண்டையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு என் முகத்தையே பார்த்தார். எங்கள் லைனில் அக்கா சான்றிதழைக் காட்டி வேலைக்கு வந்து மாட்டிய பெண்கள் உண்டு. நான் பெரியப்பா மகளுடையதைத் தூக்கிக்கொண்டு வந்தவள் என்று முடிவே கட்டிவிட்டார். பெரியப்பாவுக்குப் பிள்ளையே கிடையாது சார் என்றேன். அதற்கப்புறம் இன்னும் சந்தேகமாகப் பார்த்தார். ஒரு மாதத்துக்குள் பெயரைத் திருத்தச் சொல்லி கோர்ட்டில் மனு போட்ட நம்பரையாவது காட்டு, இல்லையென்றால் பட்டியலில் பெயர் இருக்காது என்றார்.

ஸ்ரீபெரும்புதூர் வக்கீல் இதெல்லாம் ஒன்றுமே இல்லை என்றார். ‘இவள் என் மகள் இல்லை, பள்ளியில் தவறுதலாக என் பெயரைக் கொடுத்துவிட்டேன்’ என்று பெரியப்பா உறுதிமொழிப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டால் போதுமாம். டைப் அடித்தும் கொடுத்தார்.

பெரியப்பா பென்னலூரில் தனியாக இருக்கிறார். வீட்டு மனை தகராறுக்குப் பிறகு அவருக்கும் அப்பாவுக்கும் பேச்சு இல்லை. நான் கொண்டுபோய்க் கொடுத்த பத்திரத்தை இரண்டு தடவை படித்துவிட்டு, பார்க்கலாம் என்று தலையணைக்கு அடியில் வைத்தார். அடுத்த வாரம் போனால் கண்ணாடி உடைந்துவிட்டது என்றார். அதற்கடுத்த வாரம் வயிற்றுவலி.

“எங்க அண்ணன் மனசுல இன்னாவோ கீது. வுடாத” என்றார் அப்பா.

எனக்கும் அதேதான். பிள்ளை இல்லாத மனுஷன், என்னை வளைத்துப் போட அப்போதே திட்டம் போட்டுவிட்டாரா? இல்லை, தம்பி மேல் இருக்கிற ஆத்திரத்தை என் தலையில் இறக்குகிறாரா? லைனில் நின்று இதையே நினைத்து நினைத்து சூப்பர்வைசரிடம் இரண்டு தடவை திட்டு வாங்கினேன்.

கெடு முடிய நான்கு நாள் இருக்கும்போது கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி யூனிஃபார்மோடு நேராக அவர் வீட்டுக்குப் போனேன். வாய்க்கு வந்தபடி கத்தினேன். என் வேலையைக் கெடுத்தால் உங்களுக்கு என்ன கிடைக்கும் என்றேன். நான் ஓயும்வரை இருந்துவிட்டு பத்திரத்தை வெளியே எடுத்தார்.

“நீ என் பொண்ணு இல்லன்னு எழுதிக்கீது. அது நெஜம். தவறுதலா பேரு குடுத்தேன்னு எழுதிக்கீதே, அது பொய்ம்மா.”

ரெண்டாவது பெண்ணுக்குப் படிப்பு எதற்கு என்று அப்பா என்னைச் சேர்க்கப் பள்ளிக்கூடத்துக்கு வர மறுத்துவிட்டாராம். இவர்தான் என்னைக் கையைப் பிடித்துக் கூட்டிப்போயிருக்கிறார்.

“அப்பன் வந்தாதான் சேத்துப்பேன்னாரு எட்மாஸ்டர். நான்தான் அப்பன்னேன். தெரிஞ்சேதான் சொன்னேன்.”

நான் நம்பவில்லை. அங்கேயே நின்று அப்பாவுக்கு போன் போட்டேன். நெசமா என்று கேட்டேன்.

“அதெல்லாம் இப்ப இன்னாத்துக்கு?” என்றார் அப்பா.

எனக்கு வெட்கமாகிவிட்டது. கத்தியதை நினைத்து அவர் முகத்தைப் பார்க்கவே முடியவில்லை.

மறுநாள் பெரியப்பா வக்கீலிடம் வந்தார். அந்த வரியை மாற்றி எழுத முடியாதா என்று ஒரே ஒரு தடவை கேட்டார். தெரிந்தே கொடுத்தேன் என்று எழுதினால் பொய் சொன்ன வழக்கு உங்கள் மேல் திரும்பும், இவள் மனுவும் நிற்காது என்றார் வக்கீல். பெரியப்பா என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

வேலை பர்மனென்ட் ஆனது. திருத்திய சான்றிதழ் போன மாதம்தான் வந்தது. அப்பா அதை வாங்கித் தன் பெயரைத் தடவித் தடவிப் பார்த்தார். நான்தான் அப்பன் என்று கோர்ட்டே சொல்லிவிட்டது பார் என்றார். நான் சான்றிதழை அவர் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டேன்.