நாக்கை நீட்டச் சொல்லும் காவேரி

“எங்க, நாக்க நீட்டு பாக்கலாம்.”

காவேரியின் வீட்டுக்குள் கால் வைத்தவர்களில் ஒருவரைத் தவிர யாரும் இந்த உத்தரவிலிருந்து தப்பியதில்லை. கேஸ் சிலிண்டர் கொண்டுவருகிறவர் நீட்டியிருக்கிறார். ஓட்டுக் கேட்டு வந்த வேட்பாளர், கும்பிட்ட கையை இறக்காமலே நீட்டியிருக்கிறார். மாடியில் வாடகைக்கு இருக்கும் நான் வாரத்தில் பாதி நாள் நீட்டுகிறேன். முதலில் கையில் ஒரு கப் கேக்கைத் திணிப்பாள். அதன் தலையில் பட்டர்கிரீமில் ஒரு மாங்காயோ அன்னமோ பிழிந்திருக்கும். தின்று முடித்து, நன்றாயிருக்கிறது என்று சொல்ல வாயெடுப்பதற்குள் முகவாயைப் பிடித்து வாசல் வெயில் பக்கம் திருப்பிவிடுவாள். ருசியைப் பற்றி யாருடைய அபிப்பிராயமும் அவளுக்குத் தேவையில்லை. நாக்கில் நிறம் ஒட்டியிருக்கிறதா என்றுதான் பார்ப்பாள்.

சின்ன காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவுக்குள் நுழைந்தால் அவள் வீட்டைக் காதாலேயே கண்டுபிடிக்கலாம். கூடத்தில் அவள் கணவர் கதிர்வேல் தறி அடிக்கிற சத்தம். பக்கத்து அறையில் வெண்ணெய் அடிக்கிற மிஷின் சத்தம். இரண்டுக்கும் மேலே காவேரியின் குரல். தறிக்கும் ஓவனுக்கும் நடுவே கனமான பிளாஸ்டிக் திரை தொங்கும். கிரீமில் ஒரு பட்டு இழை கிடந்தாலும் அன்றைக்குக் கதிர்வேலுக்குச் சாப்பாடு தாமதமாகும். “அவ கேக்கு பொங்கறதுக்கே என் தறி சத்தம்தாம்மா காரணம்” என்பார் அவர். “அந்தச் சத்தம் கேக்கற வரைக்கும் இந்தாளு கேக்கு திருட வரலன்னு தைரியமா இருக்கலாம்” என்பாள் இவள்.

அவள் கேக்கில் மால்ட் சேர்ந்த கதை தெருவுக்கே தெரியும். ஆரம்பத்தில் யூடியூபைப் பார்த்து வெறும் கோகோ போட்டுச் செய்தாள். பெரியவர்கள் ஒரு வாய் தின்றுவிட்டு, கசக்கிறதென்று தட்டில் வைத்துவிட்டார்கள். கோபத்தில் சமையல்கட்டிலிருந்த, பாலில் கலக்கிக் குடிக்கிற மால்ட் பவுடர் டப்பாவை அப்படியே மாவில் கவிழ்த்தாள். அன்றிலிருந்து தட்டில் மிச்சம் விழுவதில்லை. கோகோவின் கசப்பு அடங்கி, வறுத்த தானியத்தின் வாசனையும் பால் ருசியும் மேலே வந்து நிற்கும். பெருமாள் கோயில் பக்கத்துக் கிழவர் ஒருவர் மட்டும், “ஆஸ்பத்திரில இருக்கறவங்களப் பாக்கப் போவும்போது வாங்கிக்கினு போவோமே, அந்த ருசி” என்றார். காவேரி கொஞ்சமும் கோபப்படவில்லை. “அத்த குடிச்சிதான எல்லாரும் எழுந்து உக்காந்தாங்க?” என்று கேட்டாள்.

அவளுக்கென்று சில சட்டங்கள் உண்டு. கிருத்திகை, வெள்ளிக்கிழமை என்று முட்டை தொடாத வீடுகளுக்குத் தயிர் ஊற்றிச் செய்யும் கேக்குக்குத் தனித் தட்டு. அதன் விளிம்பில் சிவப்புப் பட்டு நூல் கட்டியிருக்கும். பொடித்த சர்க்கரையைப் பழைய வேட்டித் துணியில்தான் சலிப்பாள். நிறத்தை ஒருநாளும் டியூப்லைட்டில் பார்க்கமாட்டாள். “அது பொய் சொல்லும்மா” என்பாள். நிச்சயதார்த்தத்துக்கு ஆர்டர் கொடுப்பவர்கள் பெண்ணின் புடவையையும் தூக்கிக்கொண்டு வருவார்கள். முந்தானையை வாசலில் விரித்து, கிரீம் எடுத்த கரண்டியைப் பக்கத்தில் பிடித்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்ப்பாள். அரக்கு, வாடாமல்லி, மாம்பழ மஞ்சள் எதுவானாலும் புடவையும் கேக்கும் ஒன்றாக நிற்கும். கேக்கோடு புடவை பொருந்தவில்லை என்று இந்த ஊரில் ஒருத்தி புடவையை மாற்றிய கதையும் உண்டு. அதை நான் நம்பவில்லை, காவேரி நம்புகிறாள்.

நிறம் அவளுக்குப் பிறந்த வீட்டுச் சீதனம். அப்பா சாயக்கார வேலாயுதம். பட்டு வாங்க வருகிறவர்கள் முன்னால் தன் வெள்ளை வேட்டித் தலைப்பை நனைத்து, தான் தோய்த்த பட்டில் அழுத்தித் தேய்த்து, வேட்டியை விரித்துக் காட்டுவாராம். ஒரு பொட்டு நிறம் ஒட்டியிருக்காது. “வேலாயுதம் தோச்ச பட்டு சாயம் உடாது” என்பது அந்த வீட்டின் பெயர்ப்பலகை மாதிரி. காவேரி இன்றும் அளவாகக் கிழித்த ஒரு வெள்ளைத் துணியை இடுப்பில் செருகிக்கொண்டுதான் வேலை செய்கிறாள்.

யானைக்கும் அடி சறுக்கும். காவேரிக்குச் சறுக்கியது நாத்தனார் வீட்டில்.

ஐயம்பேட்டையில் இருக்கும் இந்திராணி, கதிர்வேலின் அக்கா. அவருடைய மூத்த மகளின் நிச்சயதார்த்தத்துக்குப் பளிச்சென்ற ஆனந்தா நீலத்தில் புடவை. அதே நீலத்தில் கேக் வேண்டும் என்றார்கள். காவேரி சாயக்காரர் மகளாகவே வேலை பார்த்தாள். பட்டு ஈரத்தில் அடர்த்தியாகத் தெரியும், காய்ந்தால் வெளுக்கும். அதனால் கேட்ட நிறத்துக்கு ஒரு படி கூடவே ஏற்றவேண்டும் என்பது அவள் வீட்டு வழக்கம். கிரீமிலும் ஒரு படி கூட்டினாள். வெண்ணெயின் குணமோ நேர் எதிர். கலக்கும்போது வெளிறித் தெரியும், வைக்க வைக்க ஏறும். மறுநாள் மண்டபத்தில் பெட்டியைத் திறந்தபோது உள்ளே பேனா மை இருந்தது. அதையும் தின்றார்கள். பெண்ணின் பல் நீலம், மாப்பிள்ளையின் உதடு நீலம். மாப்பிள்ளையின் சித்தப்பா பல்செட்டைக் கழற்றிக் குழாயடியில் கழுவிவிட்டு வந்தார். போட்டோவில் இரண்டு குடும்பமும் வாயை மூடிக்கொண்டே நிற்கிறது.

சம்பந்தி வீட்டார் நடுவில் வைத்து இந்திராணி சொன்னார்: “சாயக்கார வேலாயுதம் பொண்ணு! நல்லா சாயம் உட்டியேம்மா!”

கேக் கெட்டதைக் காவேரி அன்றே மறந்திருப்பாள். அப்பா பெயரை இழுத்ததுதான் உள்ளே போய் உட்கார்ந்துவிட்டது. நாக்குப் பரிசோதனை மறுவாரமே தொடங்கியது. அதன்பிறகு அவளிடம் நாக்கை நீட்டாத ஒரே உறவு இந்திராணிதான். வருவார், கூடத்தில் உட்காருவார், தண்ணீர் குடிப்பார். கேக்கை நீட்டினால், “இப்பதாம்மா காப்பி குடிச்சிக்கினு வந்தேன்” என்பார்.

இந்த வருஷம் இரண்டாவது மகள் சுகாசினிக்கு நிச்சயமானது. இந்திராணி கடையில் கேக் சொல்லிவிட்டதாகச் செய்தி வந்தது. சுகாசினியோ, “காவேரி அத்த செய்யலன்னா எனக்குக் கேக்கே வேணாம், ஃபங்ஷனே டல்லாயிடும்” என்று சண்டை பிடித்தாள். காவேரி ஷேர் ஆட்டோ பிடித்து ஐயம்பேட்டைக்குப் போனாள். நடந்ததைக் கதிர்வேல்தான் தலையில் கை வைத்துக்கொண்டு என்னிடம் சொன்னார்.

“அண்ணி, கடைக்காரன்கிட்ட வேணாம்னு சொல்லிடுங்க. நான்தான் செய்வேன். அதே மாதிரி கெட்டி நிறமாவே செய்வேன். ஒருத்தர் பல்லு, ஒருத்தர் நாக்கு நிறம் மாறிச்சினா ஓவன ஆட்டோல ஏத்தி உங்க வூட்டுக்கு அனுப்பிடறேன். அதுக்கப்புறம் நான் கேக்கத் தொடமாட்டேன்.”

“ஓவன வெச்சிக்கினு நான் இன்னாமா பண்ணுவேன்?”

“துணி காயவைங்க.”

விளையாட்டுப் பேச்சு என்று நானும் முதலில் சிரித்தேன். ஆனால் காவேரி சபதத்தைப் பாக்கி வைக்கிறவள் இல்லை. கோபத்தில் விட்ட காப்பியை இன்றுவரை அவள் தொட்டதில்லை. ஓவன் போனால் அவள் என்ன ஆவாள் என்று நினைக்கவே எனக்குப் பிடிக்கவில்லை.

சுகாசினியின் புடவை மயில் கழுத்து நிறம். நீலமா பச்சையா என்று பிடிகொடுக்காத நிறம். காவேரி இந்தத் தடவை கேக் முழுக்க நிறத்தைப் பூசவில்லை. உடலுக்கு ஒரு நிறம், கரைக்கு ஒரு நிறம் என்று புடவை நெய்கிற முறையையே எடுத்துக்கொண்டாள். கப் கேக்கின் மேலே சாக்லேட் மால்ட் போட்ட பழுப்புக் கிரீம். அதற்குச் சாயமே வேண்டாம். சுற்றி ஒரு விரல் கரை மட்டும் மயில் கழுத்து. அதற்கும் பாட்டிலைக் கவிழ்க்கவில்லை. கொஞ்சம் கிரீமைக் கிண்ணத்தில் எடுத்து, சொட்டு நிறம் விட்டு, வெந்நீர்ப் பாத்திரத்தின் மேல் பிடித்து உருக்கினாள். சாயத்துக்குச் சூடு வேண்டும் என்பது மட்டும் பட்டுக்கும் வெண்ணெய்க்கும் பொது. உருகியதில் நிறம் குப்பென்று மலர்ந்தது. அதை மீதிக் கிரீமோடு சேர்த்து அடித்தாள். கேட்ட நிறத்துக்கு இரண்டு படி குறைவாகவே இருந்தது. அங்கே நிறுத்தினாள்.

நிறுத்தியது புத்திதான். கை பாட்டிலை விடவில்லை.

நிறப் பாட்டிலை எடுத்துக்கொண்டு மாடிக்கு ஓடிவந்தாள். “யக்கா, இத்த உன் பீரோல வெச்சி பூட்டு. நான் வந்து கேட்டாலும் குடுக்காத. அழுதாலும் குடுக்காத.”

சாயங்காலம் சுகாசினி பார்க்க வந்தாள். வெளிறிப்போன கிரீமைப் பார்த்ததும் அவளுக்கு முகம் சுருங்கிவிட்டது. “அத்த, இன்னாத்த இது? பேபி பவுடர் கலர்ல இருக்குது! அம்மா பாத்தா சிரிப்பாங்க.”

“காலைல பாருமா.”

“காலைல இன்னா, தானா கலர் ஆயிடுமா?”

“ஆயிடும். போயி மருதாணி வெச்சிக்கினு படு.”

பெண்ணை அனுப்பிவிட்டுப் படியேறி என் வாசலில் வந்து நின்றாள். ஊருக்கே தைரியம் சொல்கிற முகத்தில் அன்றைக்குத்தான் நான் பயத்தைப் பார்த்தேன்.

“ஒரே ஒரு சொட்டு யக்கா. எங்கப்பா இருந்தா ஒரு சொட்டு சேப்பாரு.”

“உங்கப்பா பட்டுல சேப்பாரு. இது வெண்ணெய்.”

“தெரியும். கைக்குத் தெரியலியே!”

நான் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டேன். வெளியே கொஞ்ச நேரம் என்னையும், என்னை வாடகைக்கு வைத்த தன் வீட்டுக்காரரையும் சேர்த்துத் திட்டிக்கொண்டிருந்தாள். பிறகு இறங்கிப்போகும் சத்தம் கேட்டது. நான் செய்தது சரிதானா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது.

விடிந்ததும் கீழே போனேன். கிண்ணத்தை வாசலுக்குக் கொண்டுவந்து, சுகாசினி விட்டுப்போன மயில் கழுத்து ரவிக்கைத் துணியைப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள் காவேரி. எது துணி எது கிரீம் என்று ஒரு கணம் எனக்குத் தெரியவில்லை. அவள் என்னைப் பார்க்காமலே, “பாட்டில நீயே வெச்சிக்கோ” என்றாள். பழைய அதிகாரம் குரலில் திரும்பிவிட்டிருந்தது. வெயில் ஏறுவதற்குள் பிழிந்து முடித்து, பெட்டிகளுக்கு நடுவே ஐஸ் பைகளை அடுக்கி ஆட்டோவில் ஏற்றி, என்னையும் ஏறச் சொன்னாள். ஐயம்பேட்டை போகிறவரை ஒவ்வொரு வேகத்தடைக்கும் ஆட்டோக்காரரின் பரம்பரை விசாரிக்கப்பட்டது.

மண்டபத்தில் கப் கேக்குகளை அடுக்கடுக்காகக் கோபுரம் போல வைத்தாள். பழுப்பும் மயில் கழுத்துமாக அது நின்றதைப் பார்த்து சுகாசினி கையைத் தட்டிக் குதித்தாள். புது மாப்பிள்ளை பார்ப்பதையும் கவனிக்கவில்லை. தாம்பூலம் மாற்றினார்கள். கேக்குகள் கை மாறின. காவேரி மேசையோரமாக நின்று ஒவ்வொரு வாயாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். யாராவது சிரித்தால் அவள் கண் பல்லுக்குப் போனது. போட்டோக்காரர், “எல்லாரும் சிரிங்க” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். வெள்ளை வெளேரென்று சிரித்தார்கள். பக்கத்திலிருந்த எனக்குக் கண் கலங்கிவிட்டது. காவேரிக்கு அப்போதும் முகம் இளகவில்லை. இன்னும் ஒரு வாய் பாக்கி இருந்தது.

இந்திராணி கடைசியில்தான் மேசைக்கு வந்தார். கோபுரத்தைச் சுற்றி ஒரு நடை நடந்தார். ஒரு கப் கேக்கை எடுத்து, கரை இருக்கும் பக்கமாகப் பார்த்துக் கடித்தார். இரண்டாவது கடியில் கண் மூடியது. முழுவதையும் தின்று முடித்து, காகிதத்தில் ஒட்டியிருந்ததையும் பல்லால் வழித்தார். பிறகு நேராக மண்டப வாசலுக்கு நடந்து, வெயில் விழும் இடத்தில் நின்று, காவேரியைப் பார்த்துத் திரும்பி நாக்கை நீட்டினார்.

காவேரி அவசரப்படவில்லை. போய் நாத்தனாரின் முகவாயைப் பிடித்து, சிலிண்டர்காரருக்கும் எனக்கும் செய்வது போலவே, வெளிச்சத்துக்கு இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தாள். இடுப்பிலிருந்த வெள்ளைத் துணியை உருவி, அவருடைய கடைவாயில் ஒட்டியிருந்த ஒரு துணுக்கைத் துடைத்தாள். அப்பா வேட்டியை விரித்துக் காட்டுவது போல, ஒரு பொட்டு நிறம் ஒட்டாத அந்தத் துணியை இந்திராணியின் உள்ளங்கையில் விரித்து வைத்தாள்.