இதே துணியில் மூணு சுத்து: ஒரு சாயப் பயணம்

போன சித்திரைத் திருவிழாவுக்கு மூன்று வாரம் இருக்கும்போது, ஒரு சனிக்கிழமை, ஒரே ஒரு துணிக்குச் சாயம் போடுவதற்காக எங்கள் ஊரான புக்கிட் செந்தோசாவிலிருந்து கிளம்பி, கோல சிலாங்கூர், தஞ்சோங் காராங், செகிஞ்சான் என்று நாள் முழுக்கச் சுற்றினேன். சாயம் போட இவ்வளவு தூரமா என்று கேட்பீர்கள். என் மனைவியும் அதைத்தான் கேட்டாள். பதில் சொல்லத் தெரியாமல்தான் கிளம்பினேன். திரும்பி வந்த பிறகும் தெளிவாகச் சொல்ல வரவில்லை. முடிந்தவரை வரிசையாகச் சொல்கிறேன்.

என் தங்கை கோமதிக்குக் கல்யாணமாகி எட்டு வருஷம் பிள்ளை இல்லை. கோல சிலாங்கூர் பக்கம் எண்ணெய் எடுக்கும் செம்பனைத் தோட்டம் ஒன்றுக்குள் மாரியம்மன் கோயில் இருக்கிறது. பிள்ளை வேண்டுகிறவர்கள் அங்குள்ள அரச மரத்தில், துணியில் ஒரு சின்னக் கல்லை வைத்துத் தொட்டில் மாதிரி கட்டிவிட்டு வருவார்கள். பிள்ளை பிறந்துவிட்டால், திருவிழா அன்று கரும்பில் தொட்டில் கட்டி, பிள்ளையை அதில் போட்டுக் கோயிலைச் சுற்றி வரவேண்டும். மற்றவர்கள் கைக்குட்டை அளவுத் துணியைத்தான் மரத்தில் கட்டுவார்கள். கோமதி தன் வெள்ளைப் பருத்திப் புடவையில் பாதியைக் கிழித்துக் கட்டினாள். சின்னதாகக் கட்டினால் அம்மனுக்கு இவள் மேல் சந்தேகம் வந்துவிடுமாம்.

கட்டியதோடு விட்டாளா? "பிள்ளையக் குடு தாயே, இதே துணியில போட்டு மூணு சுத்து வரேன்" என்று சத்தமாக வேண்டிக்கொண்டாள். நான் பக்கத்தில்தான் நின்றேன். "இதே துணி" என்ற வார்த்தை எங்கே கொண்டுபோய் விடும் என்று எனக்கும் அப்போது உறைக்கவில்லை.

மூன்று வருஷம் கழித்துப் பையன் பிறந்தான். இந்தப் பயணத்தின்போது அவனுக்கு ஒன்பது மாதம், பத்துக் கிலோவைத் தொட்டிருந்தான். திருவிழாவில் கரும்பின் முன்பக்கத்தை அவன் அப்பா சுரேஷ் தூக்க, பின்பக்கத்தைத் தாய்மாமன் நான் தூக்கவேண்டும். நடுவில் என் மருமகன் தொங்கப்போவதோ, இத்தனை வருஷம் வெயிலிலும் மழையிலும் கிடந்த துணியில். அந்தத் துணியைப் பலப்படுத்தி மஞ்சள் சாயம் போடுவதுதான் இந்தப் பயணத்தின் நோக்கம். சுரேஷுக்குச் சனிக்கிழமையும் வேலை. அதனால் நானும் கோமதியும் பையனும் மட்டும்.

காலை ஏழரைக்குப் புறப்பட்டு, பத்தாங் பெர்ஜுந்தை வழியாகப் போனோம். என் கார் மீட்டரில் கோயில் வாசல் வரை ஐம்பத்தெட்டு கிலோமீட்டர். டோல் கிடையாது. ஆனால் செம்பனைக் குலை ஏற்றிய லோரி முன்னால் மாட்டிக்கொண்டால் அவ்வளவுதான், அதன் பின்னாலேயே ஊர்வலம் போகவேண்டும். அவசரக்காரர்கள் ஆறரைக்கே கிளம்பிவிடுங்கள்.

பூசாரி ஐயா ஏணி வைத்துத் துணியை அவிழ்த்துக் கொடுத்தார். வெள்ளைப் புடவை சாம்பல் நிறமாகி, அங்கங்கே பச்சைப் பாசி பிடித்திருந்தது. நான் லேசாக இழுத்தேன். உள்ளே ஏதோ 'ப்ர்ர்' என்றது. கோமதி என் கையைத் தட்டிவிட்டாள்.

"கெமிக்கல்ல போட்டா பலமாயிடும் அண்ணே, வீடியோவுல பாத்தேன்," என்றாள்.

"என்ன கெமிக்கல்?"

"சோடா."

கோல சிலாங்கூர் டவுனில் ஒரு ஹார்ட்வேர் கடையில் நிறுத்தி, துணிக்குப் போடும் சோடா வேண்டும் என்றேன். கடைக்காரச் சீனர் மலாயில் திருப்பிக் கேட்டார்: சலவைக்கா, கேக்குக்கா, அடைத்துக்கொண்ட சாக்கடைக்கா? துணியைப் பலப்படுத்த என்றேன். என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, அவரிடம் நைலான் கயிறு இருக்கிறது, அது நல்ல பலம் என்றார். ஒன்றும் வாங்காமல் வெளியே வந்தேன். அவரைக் குறை சொல்ல முடியாது. நானே எதற்கு வந்தேன் என்று எனக்கே குழப்பம்.

அங்கிருந்து தஞ்சோங் காராங் பதினைந்து கிலோமீட்டர் சொச்சம். வாய்க்கால் ஓரமாகப் போகும் சின்ன ரோட்டில் தேவி அக்காவின் சாயப் பட்டறை. கடைகளுக்குப் பருத்தித் துணியும், கோயில்களுக்கு மஞ்சள் வேட்டியும் சாயம் போட்டுக் கொடுப்பவர். முன்பு கையுறைத் தொழிற்சாலையில் லேப்பில் வேலை பார்த்தவராம். நாங்கள் போனபோது கண்ணாடியும் முழங்கை வரை ரப்பர் கையுறையும் போட்டுக்கொண்டு நின்றார்.

ஹார்ட்வேர் கடையில் நடந்ததைச் சொல்லி, எந்தச் சோடா என்று கேட்டேன். "சாக்கடை சோடாதான் தம்பி. காஸ்டிக்," என்றார். "பருத்தி நூல் அதுல ஊறினா உப்பும். அந்த நேரத்துல சட்டத்துல மாட்டி விறைப்பா இழுத்துப் பிடிச்சிருக்கணும். இல்லாட்டி சுருங்கிப் போயிடும். இழுத்தபடியே அலசி, வினிகர் தண்ணியில முக்கி எடுத்தா நூல் பலமாயிடும், பளபளன்னு ஆயிடும், சாயமும் நல்லாக் குடிக்கும்."

சாக்கடையில் முடியையும் கொழுப்பையும் கரைக்கிற சாமான், துணியை மட்டும் எப்படிப் பலமாக்கும்? கேட்டேன். அவர் பொறுமையாக இன்னொரு தடவை சொன்னார். எனக்கு இன்னொரு தடவை புரியவில்லை. ஆனால் ஒரு புதுப் பருத்தித் துண்டை அவர் செய்து காட்டியபோது வாயை மூடிக்கொண்டேன். முன்பு சாதாரணமாக இருந்த துண்டு, இப்போது நானும் அவரும் ஆளுக்கொரு பக்கம் இழுத்தும் அசைந்து கொடுக்கவில்லை. கோமதி பையனோடு வெளியே ஃபேனுக்கு அடியில் உட்கார்ந்திருந்தாள். அந்த நெடி பிள்ளைக்கு ஆகாது என்று அக்கா உள்ளே விடவில்லை. அங்கிருந்தே, "நான் சொல்லல?" என்றாள்.

பிறகு வேண்டுதல் துணியின் ஓரத்தில் நாலு விரல் அகலம் வெட்டி அதே சோடாவில் போட்டார். கொஞ்ச நேரத்தில் இடுக்கியால் தூக்கினார். பாதிதான் வந்தது. மீதி கொழகொழவென்று தண்ணீரிலேயே நின்றுவிட்டது.

தேவி அக்கா கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார். "இப்படி நான் பாத்ததில்ல தம்பி. ரொம்ப நாள் வெயில்ல கிடந்துச்சா?"

மரத்தில் கட்டிய கதையைச் சொன்னேன்.

"அப்ப நூலோட உயிர வெயில் தின்னிருக்கும்னு நினைக்கிறேன். நல்ல நூல்னா சோடா பலம் குடுக்கும். செத்த நூல்னா கரைச்சிடும் போல." 'போல' என்றுதான் சொன்னார், அவருக்கும் உறுதி இல்லை. "வேணும்னா சலவைச் சோடா, உப்பு வெச்சு மெதுவா சாயம் மட்டும் போட்டுத் தரேன். ஆனா பிள்ளையப் போடாதீங்க லா."

கோமதி பையனை இடுப்பில் தூக்கிக்கொண்டு வாசலில் வந்து நின்றாள். "அக்கா, நீங்க சாயம் போடுங்க. பிள்ளையப் போடுறதா வேணாமாங்கிறது நான் அம்மன்கிட்ட சொன்ன வார்த்தை."

"பிள்ள விழுந்தா?" என்றேன்.

"குடுத்தவ பாத்துக்குவா."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. தூக்கப்போவது அம்மன் இல்லை, நான். அதைச் சொல்லியும்விட்டேன். அவள் கண்ணில் தண்ணீர் நின்றது. எட்டு வருஷம் ஒவ்வொரு விருந்திலும் "விசேஷம் ஒண்ணும் இல்லையா?" என்ற கேள்வியைத் தின்றவள் அவள். அவளை அழவைத்துவிட்டேனே என்று எனக்குச் சங்கடமாகிவிட்டது. ஆனால் பையன் தரையில் விழுகிற காட்சியும் கண்ணை விட்டுப் போகவில்லை. அண்ணனாக அவள் பக்கம் நிற்பதா, மாமனாக அவன் பக்கம் நிற்பதா என்று தெரியவில்லை.

சாயம் போட்டுக் காய மூன்று மணி நேரம் ஆகும் என்றார் அக்கா. கூலி முப்பது வெள்ளி (ரிங்கிட்). காத்திருக்கும் நேரத்தில் செகிஞ்சானுக்குப் போனோம், இன்னொரு பதினைந்து கிலோமீட்டர். சனி, ஞாயிறில் அங்குள்ள நெல் வயலைப் பார்க்கக் கோலாலம்பூர்க்காரர்கள் எல்லாரும் அங்கேதான் இருப்பார்கள். கார் நிறுத்த இடம் தேடுவதிலேயே பாதிப் பசி போய்விடும். படகுத்துறைப் பக்கம் மீன் சாப்பிட்டோம். மீன் நன்றாக இருந்தது, கோமதி என் பக்கம் திரும்பாமலேயே சாப்பிட்டாள். திரும்பும் வழியில் கோமதி பத்துக் கிலோ அரிசி மூட்டை ஒன்று வாங்கினாள். வீட்டுக்கு என்று நினைத்துக் காரில் ஏற்றினேன்.

பட்டறைக் கொடியில் துணி தொங்கிக்கொண்டிருந்தது. நம்பவே முடியவில்லை. சாம்பலும் பாசியும் எங்கே போயின என்றே தெரியவில்லை, நல்ல அடர் மஞ்சள். கடையிலிருந்து இப்போதுதான் எடுத்து வந்த துணி என்றால் யாரும் நம்புவார்கள். எனக்கு இன்னும் குழப்பமாகிவிட்டது. இவ்வளவு அழகாக இருக்கிற துணியா கிழியப்போகிறது?

"அண்ணே, அரிசிய எடுங்க," என்றாள் கோமதி. அப்போதுதான் எனக்கு விளங்கியது.

சாயத் துணி காயப்போடும் மூங்கில் கழியில் தொட்டில் கட்டி, மூட்டையை அதில் படுக்க வைத்தாள். முன்னால் தேவி அக்கா, பின்னால் நான். பட்டறையைச் சுற்றினோம். முதல் சுற்று, ஒன்றும் ஆகவில்லை. இரண்டாவது சுற்றிலும் ஒன்றும் ஆகவில்லை. கோமதியின் முகம் மலர்ந்துவிட்டது. "பாத்தீங்களா?" என்று என்னைப் பார்த்துச் சிரித்தாள். நானும் கிட்டத்தட்ட நம்பிவிட்டேன் என்றே சொல்லவேண்டும்.

மூன்றாவது சுற்றில், தண்ணீர்த் தொட்டிப் பக்கம் திரும்பும்போது, துணி நீளமாக ஒரு சத்தம் போட்டது. அரிசி மூட்டை 'தொப்'பென்று சிமெண்டில் விழுந்தது. மூட்டை ஒரு பக்கம் பிளந்து அரிசி கொட்டியது.

கோமதி பையனை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டாள். இறுக்கிய இறுக்கில் அவன் அழ ஆரம்பித்தான். அதன் பிறகு அவளும் அழுதாள். "நான் போட்டிருப்பேன் அண்ணே," என்றாள். "நிசமா போட்டிருப்பேன்."

தேவி அக்கா உள்ளே போய், காஸ்டிக்கில் விறைப்பாகப் பிடித்து மஞ்சள் போட்டிருந்த புதுப் பருத்தித் துணி ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார். கோயில் காரியம் என்று காசு வாங்கவில்லை. துணி பலம்தான், ஆனால் அது "இதே துணி" இல்லையே. பழசு, புதுசு இரண்டையும் மடியில் வைத்துக்கொண்டு கோமதி காரில் ஏறினாள். கோயிலுக்கு விடுங்கள் என்றாள்.

பூசாரி ஐயா கதை முழுவதையும் கேட்டார். ஏதாவது தீர்ப்புச் சொல்வார் என்று பார்த்தால், தலையைச் சொறிந்தார். "எனக்குத் தெரியலம்மா. இதுவரைக்கும் யாரும் இப்படிக் கேட்டதில்ல. பூப் போட்டுப் பாத்துருவோம்."

தெரியாதவர்களுக்காக: வெள்ளைப் பூ ஒரு இலையிலும் சிவப்புப் பூ ஒரு இலையிலும் மடித்து அம்மன் முன் வைப்பார்கள். ஒரு குழந்தையை விட்டு ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். வெள்ளை வந்தால் பழைய துணியேதான், சிவப்பு வந்தால் புதுசுக்கு உத்தரவு என்று பேச்சு. எடுப்பதற்குக் குழந்தை வேண்டுமே. கோயிலில் இருந்த ஒரே குழந்தை எங்கள் பையன்தான்.

அவனை உட்கார வைத்தார்கள். வெள்ளையை எடுத்துத் தொலைத்தால் என்ன செய்வது? அவன் இரண்டு பொட்டலத்தையும் பார்த்தான். ஒரு கையில் ஒன்றும் இன்னொரு கையில் ஒன்றுமாக இரண்டையும் எடுத்தான். ஒன்றை வாயில் வைத்தான்.

பூசாரி ஐயா என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். "திரும்பப் போடலாமா?" என்று கேட்டார்.

"வேணாங்கய்யா," என்றாள் கோமதி. "ரெண்டும்னு சொல்லிட்டா."

இது அம்மன் உத்தரவா, ஒன்பது மாதப் பிள்ளையின் ஆசையா, எனக்கு இன்றுவரை தெரியாது. திருவிழா அன்று புதுத் துணியைக் கரும்பில் கட்டி, பழைய துணியை நாலாக மடித்து அதற்குள் மெத்தையாகப் போட்டு, அதன் மேல் பையனைப் படுக்க வைத்தோம். பாரத்தைப் புதுசு தாங்கியது, வார்த்தையைப் பழசு தாங்கியது. மேளச் சத்தத்தில் பையன் தூங்கிவிட்டான். மூன்று சுற்றிலும் நான் அம்மனைப் பார்க்கவில்லை, முடிச்சைத்தான் பார்த்துக்கொண்டே நடந்தேன்.

இதே மாதிரி போக நினைப்பவர்களுக்கு: காலையிலேயே கிளம்புங்கள், செகிஞ்சானைச் சனிக்கிழமை தவிர்த்துவிடுங்கள், காஸ்டிக் சோடாவை வீட்டில் வைத்துச் சோதனை செய்யாதீர்கள், பிள்ளை இருக்கிற வீட்டில் வேண்டவே வேண்டாம். சாயம் ஏறி அழகாக இருப்பதால் துணி பலமாக இருக்கிறது என்று நினைக்காதீர்கள். வேண்டுதல் வையுங்கள், ஆனால் "இதே துணி" என்று மட்டும் வாய் விட்டுவிடாதீர்கள்.

இந்தக் கடைசி யோசனையை நான் முதலில் சொன்னது கோமதியிடம்தான். திருவிழா முடிந்து கிளம்பும்போது அவளைக் காணவில்லை. தேடிப் போனால், அரச மரத்தடியில் நின்று மஞ்சள் துணியில் கல்லை வைத்துக் கட்டிக்கொண்டிருந்தாள். தேவி அக்கா கொடுத்த துணியில் மிச்சம். அடுத்தது பெண் பிள்ளை வேண்டுமாம்.

"என்னன்னு வேண்டிக்கிட்டே?" என்று கேட்டேன். அவள் சொல்லவில்லை. "இந்தத் தடவ நல்ல பலமான துணியாப் பாத்துக் கட்டியிருக்கேன் அண்ணே," என்றாள்.

வீட்டுக்கு வந்ததும் தேவி அக்காவுக்குப் போன் போட்டேன். சோடாவில் பிடித்த துணி வெயிலிலும் மழையிலும் எத்தனை வருஷம் தாங்கும் என்று கேட்டேன். அவருக்கும் தெரியவில்லையாம்.